உரியா சுமந்த கடிதம்: கொலை, விபசாரம் பற்றிய இரு கட்டளைகள் கடந்துவந்த வழி

ரப்பா நகரை முற்றுகையிட்டிருந்த படைத்தலைவன் யோவாபுக்கு எருசலேமிலிருந்து தாவீது அரசன் ஒரு கடிதம் அனுப்பினான். சண்டை மும்முரமாக நடக்கும் இடத்தில் உரியாவை முன்னே நிறுத்திவிட்டு மற்றவர்கள் பின்வாங்கிவிட வேண்டும், அவன் வெட்டுண்டு சாக வேண்டும் என்பது அதிலிருந்த உத்தரவு. கடிதத்தை எடுத்துச் சென்றவன் உரியாவேதான். யோர்தானைக் கடந்து, இன்று அம்மான் நகரம் இருக்கும் இடம்வரை, தன் சாவுக்கான ஆணையைத் தன் கையாலேயே சுமந்து போனான். அவன் மனைவி பத்சேபாளை அரசன் ஆளனுப்பி அழைப்பித்ததும், அவள் கருவுற்றதும், அதை மூடிமறைக்க உரியாவைக் களத்திலிருந்து வரவழைத்து வீட்டுக்கு அனுப்பப் பார்த்துத் தோற்றதும் அதற்கு முந்தைய நாட்களின் கதை.

சாமுவேலின் இரண்டாம் நூல் இதை 11ஆம் அதிகாரத்தில் ஒளிவுமறைவின்றிச் சொல்கிறது. பத்துக் கட்டளைகளில் அடுத்தடுத்து நிற்கும் இரண்டு கட்டளைகள் ஒரே மனிதனால், ஒரே வீட்டின்மீது மீறப்பட்ட நிகழ்ச்சி இது. அடுத்த அதிகாரத்தில் தீர்க்கதரிசி நாத்தான் அரசனிடம் ஒரு வழக்குக் கொண்டுவருகிறார். ஏராளமான மந்தை உள்ள பணக்காரன் ஒருவன், ஏழை ஒருவன் தன் மகளைப்போல் வளர்த்த ஒற்றை ஆட்டுக்குட்டியைப் பிடித்து விருந்தாளிக்குச் சமைத்துவிட்டான். ஏழை என்பவன் உரியா. பத்சேபாள்தான் ஆட்டுக்குட்டி. தாவீதோ தன் குற்றத்தை ஒப்புக்கொள்ளும்போது கடவுளுக்கு எதிராகப் பாவம் செய்ததாகவே சொல்கிறான்.

ஆக, அடிபட்டவர் யார் என்ற கேள்விக்கு இந்தக் கதைக்குள்ளேயே மூன்று பதில்கள் இருக்கின்றன: கணவன், கடவுள், வாய் திறக்காமல் நிற்கும் அந்தப் பெண். இந்த இரு கட்டளைகளையும் ஆராய்கிறவர்கள் பெரும்பாலும் எது கொலை, எது விபசாரம் என்ற வரையறையையே பின்தொடர்வார்கள். நான் பிடித்துக்கொண்டு போக விரும்புவது வேறு இழை. கட்டளையின் சொற்கள் அப்படியே நிற்க, அவை யாருடைய காயத்தைக் கணக்கில் எடுக்கின்றன என்பது யூத மரபிலும் கிறிஸ்தவ மரபிலும் மாறிக்கொண்டே வந்தது. கொலையில் எந்த உயிர் எண்ணப்படுகிறது, விபசாரத்தில் துரோகம் யாருக்கு இழைக்கப்படுகிறது என்பவை அந்த இழையின் இரண்டு புரிகள்.

இரண்டிரண்டு சொற்கள்

எபிரேயத்தில் இரு கட்டளைகளுமே இரண்டிரண்டு சொற்கள்தாம். மறுப்புச் சொல் ஒன்று, வினைச்சொல் ஒன்று. செயப்படுபொருள் கிடையாது. யாரைக் கொல்லக்கூடாது, யாரோடு சேரக்கூடாது என்று யாத்திராகமம் 20ஆம் அதிகாரமும் சொல்லவில்லை, அதை மீண்டும் கூறும் உபாகமம் 5ஆம் அதிகாரமும் சொல்லவில்லை. அந்த வெற்றிடத்தில்தான் பிற்கால விளக்கங்கள் அனைத்தும் குடியேறின.

முதல் வினை 'ராட்சஹ்'. எபிரேய வேதத்தில் 40-க்கும் மேற்பட்ட இடங்களில் வருகிறது. விலங்கை அறுப்பதற்கு இந்தச் சொல் வருவதில்லை. போரில் எதிரியை வீழ்த்துவதற்கும் வருவதில்லை. அவற்றுக்கு வேறு வினைகள் உண்டு. அப்படியானால் திட்டமிட்ட கொலைக்கு மட்டுமே உரிய சொல்லா என்றால் அதுவும் இல்லை. காட்டில் விறகு வெட்டும்போது காம்பிலிருந்து கோடரி கழன்று தெறித்துப் பக்கத்தில் நின்றவன் செத்துப்போனால், வெட்டியவன் அடைக்கலப் பட்டணத்துக்கு ஓடலாம் என்கிறது உபாகமம் 19. அந்த அப்பாவியைக் குறிக்கவும் இதே சொல்தான். எண்ணாகமம் 35-இல் ஓரிடத்தில், கொலைகாரனுக்கு மரண தண்டனை நிறைவேற்றுவதையும் இதே வினை குறிக்கிறது. சமுதாயத்துக்குள் ஓர் ஆளின் உயிர் போய், அதற்கு யாராவது பதில் சொல்லியாக வேண்டிய நிலை வருகிறதே, அந்த நிலையைத்தான் இந்தச் சொல் சுட்டுகிறது என்பது என் கருத்து.

இரண்டாவது வினை 'நாஅஃப்'. பிறன் மனைவியோடு, அல்லது பிறனுக்கு நிச்சயிக்கப்பட்ட பெண்ணோடு சேர்வதை அது குறிக்கிறது. ஆணுக்கு மணமாகிவிட்டதா இல்லையா என்பதைச் சட்டம் கேட்பதே இல்லை. பல மனைவியரை அனுமதித்த சமுதாயத்தில் அந்தக் கேள்விக்கு இடமில்லை. மணமாகாத பெண்ணை ஒருவன் பலவந்தப்படுத்தினால் அவள் தகப்பனுக்கு 50 வெள்ளிச் சேக்கல் கொடுத்து அவளையே மணக்க வேண்டும் என்று உபாகமம் 22 விதிக்கிறது. ஒருவனுக்கு நியமிக்கப்பட்டும் இன்னும் விடுதலை பெறாத அடிமைப் பெண்ணோடு வேறொருவன் சேர்ந்தால் மரண தண்டனை இல்லை, ஒரு குற்றநிவாரண பலி போதும் என்கிறது லேவியராகமம் 19. அவள் தன்னுரிமை பெற்றவள் இல்லை என்பதுதான் அங்கே சொல்லப்படும் காரணம். இந்த வரியை எத்தனை முறை படித்தாலும் நெஞ்சு கனக்கிறது.

தமிழில் இக்கட்டளைகள் வந்தடைந்த வடிவத்தையும் இங்கே பார்த்துவிடலாம். 'கொல்லாமை' என்ற சொல் குறளின் 33ஆம் அதிகாரத்துக்கே தலைப்பு. எல்லா உயிர்களையும் அது அணைத்துக்கொள்ளும். அதை விட்டு வேத மொழிபெயர்ப்பாளர்கள் 'கொலை' என்ற பெயர்ச்சொல்லைப் பிடித்தது மூலத்துக்கு நெருக்கமான தேர்வு. 'விபசாரம்' அவ்வளவு பொருத்தமாக அமையவில்லை. நெறி தவறுதல் என்ற பழைய பொருள் மங்கி, இன்று அந்தச் சொல் பெரும்பாலும் பாலியல் தொழிலையே நினைவூட்டுகிறது. கத்தோலிக்கச் செபப் புத்தகங்களில் வழங்கிவந்த 'மோக பாவம்' இன்னும் அகன்றது. எல்லா இச்சையையும் அது வாரிக்கொள்கிறது. எபிரேயச் சொல்லுக்கு மிக அருகில் நிற்பது குறளின் 15ஆம் அதிகாரத் தலைப்பான 'பிறனில் விழையாமை'தான். அதிலும் காயம் 'பிறனுக்கே' என்பதைக் கவனிக்க வேண்டும்.

எது முதலில்?

ஞாயிறு மறைக்கல்வியில் கொலைக் கட்டளை எத்தனையாவது என்று கேட்டால் கத்தோலிக்கக் குழந்தை ஐந்து என்று சொல்லும், சீர்திருத்தத் திருச்சபைக் குழந்தை ஆறு என்று சொல்லும். சிலை வணக்கத் தடையை முதல் கட்டளையோடு சேர்ப்பதா பிரிப்பதா என்பதால் வந்த வேறுபாடு அது. லுத்தரன் சபையார் கத்தோலிக்கர் கணக்கையே பின்பற்றுகிறார்கள். இதைவிட ஆழமான வேறுபாடு ஒன்று பழைய ஏடுகளில் இருக்கிறது. கொலைக்கு முன்பாக விபசாரம்.

எகிப்தில் வால்டர் நாஷ் விலைக்கு வாங்கிய சிறு பாப்பிரஸ் துண்டுகளை 1903-இல் ஸ்டான்லி குக் வெளியிட்டார். மொத்தம் 24 வரிகள். பத்துக் கட்டளைகளும், 'ஷெமா' எனும் யூத விசுவாச அறிக்கையின் தொடக்கமும் அதில் உள்ளன. இன்று கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கும் இது, 1947-இல் சாக்கடல் சுருள்கள் கிடைக்கும்வரை எபிரேய வேதத்தின் மிகப் பழைய கைப்படியாக இருந்தது. அதில் விபசாரம் முன்னே, கொலை பின்னே. கிரேக்க மொழிபெயர்ப்பின் வத்திக்கான் கையேட்டிலும் விபசாரமே முந்துகிறது. லூக்கா 18-இலும் ரோமர் 13-இலும் யாக்கோபு 2-இலும் அதே வரிசைதான். நமக்குப் பழகிய வரிசையைத் தருவது மசோரா எபிரேய மரபும், யூத வரலாற்றாசிரியர் ஜோசிபசும்.

எழுதியவர் கை தவறியது என்று இதைத் தள்ளிவிட முடியாது. அலெக்சாந்திரியாவின் ஃபைலோ இந்த வரிசையை வைத்தே, மனிதருக்கு எதிரான குற்றங்களில் விபசாரமே தலையாயது, அதனால்தான் முதலில் வந்தது என்று வாதிட்டார். மூன்றாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கார்த்தேஜின் தெர்த்துல்லியன் அதே வாதத்தைக் கையிலெடுத்து, விபசாரிகளை மன்னிக்கத் துணிந்த ஓர் ஆயரைக் கடுமையாகத் தாக்கினார். சிலை வணக்கத்துக்கும் கொலைக்கும் நடுவே விபசாரம் நிற்கிறதே, இரு பக்கமும் உள்ளவற்றை மன்னிக்காதவர் நடுவில் உள்ளதை எப்படி மன்னிப்பார் என்பது அவர் கேள்வி. ஏட்டில் இரண்டு சொற்கள் இடம் மாறியதன்மேல் எத்தனை பேருடைய திருச்சபை வாழ்வு தொங்கியிருக்கிறது!

கணவன் மன்னிக்கலாமா?

ஏறத்தாழ கி.மு. 1750-ஐச் சேர்ந்த அம்முராபி சட்டத்தின் 129ஆம் விதி, பிறனோடு பிடிபட்ட மனைவியையும் அவனையும் சேர்த்துக் கட்டி நீரில் எறியச் சொல்கிறது. கணவன் தன் மனைவியைத் தப்பவிட விரும்பினால் அரசன் அந்த ஆணையும் தப்பவிடலாம். காயம் கணவனுடையது, ஆகவே மன்னிப்பும் அவன் கையில். கொலையிலும் இத்தியரின் (ஹிட்டைட்டுகளின்) சட்டங்கள் ஈடு கொடுத்துத் தீர்க்க வழி வைத்திருந்தன.

இஸ்ரயேலின் சட்டம் இந்த இரண்டு கதவுகளையும் அடைத்தது என்று 1960-இல் மோஷே கிரீன்பெர்க் ஒரு கட்டுரையில் வாதிட்டார். கொலைகாரனின் உயிருக்காக மீட்புப்பணம் வாங்கக்கூடாது என்கிறது எண்ணாகமம் 35. விபசாரம் செய்த இருவரும் சாக வேண்டும் என்கிறது லேவியராகமம் 20. கணவன் விட்டுக்கொடுப்பதைப் பற்றிப் பேச்சே இல்லை. மனிதன் கடவுளின் சாயல் என்று ஆதியாகமம் 9 சொல்வதால் உயிருக்கு விலை வைக்க முடியாது; திருமணம் கடவுளுக்கு முன்பான கட்டு என்பதால் கணவன் நினைத்தால் மன்னிக்க முடியாது. இந்த வாதத்தின் கம்பீரம் எனக்குப் பிடிக்கும். ஆனால் நடைமுறை அப்படியே இருந்தது என்று நம்பத் தயக்கமாக இருக்கிறது. நீதிமொழிகள் 6, பிறன் மனைவியைத் தொட்டவனை எச்சரிக்கும்போது, எவ்வளவு பணம் கொடுத்தாலும் கணவனின் ஆத்திரம் தணியாது என்று பயமுறுத்துகிறது. பணம் கொடுத்துப் பார்க்கும் வழக்கம் இருந்தால்தானே இந்த எச்சரிக்கைக்கு அர்த்தம்? விபசாரத்துக்காக நீதிமன்றம் ஒருவரைக் கொன்றதாக எபிரேய வேதத்தின் கதைகளில் ஓரிடத்திலும் இல்லை. தாவீதும் சாகவில்லை.

இந்தச் சமனின்மையை முதலில் தொட்டவர் கி.மு. எட்டாம் நூற்றாண்டின் ஓசேயா. மகள்களும் மருமகள்களும் தவறினாலும் தண்டிக்கப் போவதில்லை, ஏனெனில் ஆண்களே தேவதாசிகளோடு திரிகிறார்கள் என்று கடவுள் சொல்வதாக அவருடைய 4ஆம் அதிகாரம் கூறுகிறது. அந்த ஒரு வசனம் எழுநூறு ஆண்டுகளுக்கு மேல் காத்திருந்து வேலை செய்தது.

ரபிகள் போட்ட வேலி

ரபிகளின் சட்டத் தொகுப்பாக கி.பி. 200-ஐ ஒட்டி உருவான மிஷ்னாவில் 'சோத்தா' என்றொரு பிரிவு உண்டு. கணவனின் சந்தேகத்துக்கு ஆளான மனைவிக்கு ஆலயத்தில் கசப்பு நீர் குடிக்கக் கொடுத்து நடத்தும் சோதனை, எண்ணாகமம் 5-இல் வருவது, அதன் பொருள். அதே பிரிவின் இறுதியில் இன்னொரு சடங்கும் பேசப்படுகிறது. வயல்வெளியில் பிணம் கிடந்து, கொன்றவன் யாரென்று தெரியாவிட்டால், அருகிலுள்ள ஊர் எதுவென்று அளந்து பார்த்து, அவ்வூர்ப் பெரியவர்கள் ஓர் இளம் கிடாரியை உழாத ஓடைப் பள்ளத்துக்குக் கொண்டுபோய்க் கழுத்தை முறித்து, அதன்மேல் கைகழுவ வேண்டும். எங்கள் கைகள் இந்த இரத்தத்தைச் சிந்தவில்லை என்று சொல்ல வேண்டும். ஊர்ப் பெரியவர்களையா கொலைகாரர்கள் என்று சந்தேகப்படுவோம் என்று மிஷ்னா வியப்போடு கேட்கிறது. பிறகு பதிலும் தருகிறது: அந்த வழிப்போக்கன் எங்களிடம் வந்தபோது சோறு போடாமல் அனுப்பவில்லை, துணையில்லாமல் போகவிடவில்லை என்பதுதான் அவர்கள் கொடுக்கும் உறுதிமொழி. கொலைக் கட்டளை இங்கே கத்தி பிடித்தவனைத் தாண்டி, பசித்தவனைப் பார்த்தும் கதவை மூடியவன்வரை வந்துவிடுகிறது. பெயர் தெரியாத பிணத்துக்கு ஓர் ஊரே பதில் சொல்கிறது.

இரண்டு சடங்குகளும் நின்றுபோன கதையை மிஷ்னா ஒரே பத்தியில் சொல்கிறது. கொலைகாரர்கள் பெருகியபோது கிடாரிச் சடங்கு நின்றது. எலெயாசர் பென் தினாய் என்ற கொள்ளைக்காரனின் பெயரையும் குறிப்பிடுகிறது. ஆளுநர் பேலிக்ஸ் பிடித்ததாக ஜோசிபஸ் எழுதும் அதே ஆள்தான் அவன். விபசாரிகள் பெருகியபோது கசப்பு நீரும் நின்றது. நிறுத்தியவர் ரபன் யோகனான் பென் சக்காய். அதற்கு அவர் ஆதாரமாகக் காட்டியது ஓசேயாவின் அந்த வசனம். ஆண்கள் யோக்கியமாக இல்லாதபோது பெண்ணை மட்டும் சோதிக்க முடியாது.

மரண தண்டனையையும் ரபிகள் எட்டாத உயரத்தில் கொண்டுபோய் வைத்தார்கள். 23 பேர் கொண்ட நீதிமன்றம், நேரில் கண்ட இரண்டு சாட்சிகள், குற்றத்துக்கு முன்பே அவர்கள் கொடுத்திருக்க வேண்டிய எச்சரிக்கை எல்லாம் வேண்டும். சாட்சிகளை உள்ளே அழைக்கும்போது, ஓர் உயிரை அழிப்பவர் ஓர் உலகத்தையே அழித்தவர் என்று அவர்களுக்கு நினைவூட்டினார்கள். ஏழு ஆண்டுக்கு ஒருவரைக் கொல்லும் சங்கம் நாசகாரச் சங்கம் என்று மிஷ்னாவின் 'மக்கோத்' பிரிவு சொல்ல, எழுபது ஆண்டுக்கு ஒருவர் என்றாலும் அப்படித்தான் என்றார் எலெயாசர் பென் அசரியா. நாங்கள் இருந்திருந்தால் ஒருவரும் கொல்லப்பட்டிருக்க மாட்டார் என்றார்கள் தார்ஃபோனும் அகீவாவும். அப்படியானால் கொலைகாரர்களைத்தான் பெருகவிட்டிருப்பீர்கள் என்று மடக்கினார் சிமியோன் பென் கமாலியேல். அந்தக் கடைசிக் குரலையும் அழிக்காமல் வைத்திருப்பதற்காகவே மிஷ்னாவை எனக்குப் பிடிக்கும். இந்த விவாதம் தொகுக்கப்பட்ட காலத்தில், மரண தண்டனை வழங்கும் அதிகாரம் ரோம ஆட்சியின் கீழ் யூத நீதிமன்றங்களுக்கு இருக்கவில்லை என்பதையும் மறக்கக்கூடாது. கையில் வாள் இல்லாதவர்கள் வாளைப் பற்றிப் பேசிய பேச்சு இது. ஆனாலும் பின்வந்த தலைமுறைகள் இதையே சட்டமாகப் படித்தன. 12ஆம் நூற்றாண்டில் மைமோனிடஸ், ஒரு நிரபராதியைக் கொல்வதைவிட ஆயிரம் குற்றவாளிகளை விடுவிப்பது மேல் என்று எழுதியது இந்த வழியில்தான்.

உயிர் போனாலும் மீறக்கூடாதவை மூன்று என்று லித்தா ஊரில் ஒரு வீட்டின் மாடியில் கூடிய ரபிகள் முடிவு செய்ததாக, மிஷ்னாவை விரித்துரைக்கும் தல்மூத் சொல்கிறது: சிலை வணக்கம், தகாத உறவு, கொலை. தெர்த்துல்லியன் மன்னிக்க மறுத்த அதே மூன்று. கொலை ஏன் அதில் வருகிறது என்பதற்கு ஒரு வழக்கு காட்டப்படுகிறது. இன்னாரைக் கொல், இல்லாவிட்டால் உன்னைக் கொல்வேன் என்று ஊர்த்தலைவன் மிரட்டுகிறான், என்ன செய்வேன் என்று ஒருவன் வந்து கேட்கிறான். நீ செத்துப்போ, ஆனால் கொல்லாதே என்கிறார் ஆசிரியர். உன் இரத்தம் அவன் இரத்தத்தைவிடச் சிவப்பு என்று யார் சொன்னது என்பது அவர் கொடுத்த காரணம்.

இதே தல்மூத்தில்தான் என்னை எப்போதும் உறுத்தும் ஒரு பக்கமும் இருக்கிறது. தாவீது பாவம் செய்தான் என்பவர் தவறாகப் பேசுகிறார் என்று தொடங்கும் அந்தப் பகுதி, அக்காலத்தில் போருக்குப் போகிறவர்கள் மனைவிக்கு மணவிலக்குச் சீட்டு எழுதிக் கொடுத்துவிட்டே போவார்கள், எனவே பத்சேபாள் அப்போது பிறன் மனைவி இல்லை என்கிறது. உரியா அரசனை அவமதித்தவன் என்றும் சேர்த்துக்கொள்கிறது. அரசனைக் காப்பாற்ற, கொல்லப்பட்டவன் கலகக்காரன் ஆக்கப்படுகிறான். நல்லவேளை, அங்கே தாவீதுக்காக வாதிடும் ரபி யூதா தாவீதின் வழிவந்தவர், அதனால் அவனுக்குச் சாதகமாகப் பேசப் பார்க்கிறார் என்று ராவ் சொன்னதையும் அதே பக்கம் பதிவு செய்திருக்கிறது.

மலையிலும் வீட்டிலும்

மத்தேயு 5-இல் இயேசு இந்த இரு கட்டளைகளையும் அடுத்தடுத்து எடுத்து, கோபத்தைக் கொலையின் பக்கத்திலும் இச்சைப் பார்வையை விபசாரத்தின் பக்கத்திலும் வைக்கிறார். யூதம் வெளிச்செயலைப் பார்த்தது, கிறிஸ்தவம் உள்ளத்தைப் பார்த்தது என்று இதைச் சுருக்குவது நம் மேடைகளில் வழக்கமாகிவிட்டது. அது சரியில்லை. கண்ணால் விபசாரம் செய்பவனும் விபசாரிதான் என்று ரேஷ் லாகிஷ் சொன்னது லேவியராகம ரப்பாவில் இருக்கிறது. பலர்முன் ஒருவனை அவமானப்படுத்துவது இரத்தம் சிந்துவதற்கு ஒப்பு என்கிறது தல்மூத்; முகத்தில் சிவப்பு வடிந்து வெளுப்பு ஏறுவதை நாமே பார்க்கிறோமே என்று ஒரு ரபி அங்கே கூடவே சொல்கிறார். இரண்டும் ஒரே மண்ணில் விளைந்த பேச்சு.

உண்மையான திருப்பம் மாற்கு 10-இல் என்று நினைக்கிறேன். மனைவியை விலக்கிவிட்டு வேறொருத்தியை மணப்பவன் 'அவளுக்கு எதிராக' விபசாரம் செய்கிறான் என்று அங்கே இயேசு சொல்கிறார். அந்தக் கிரேக்கத் தொடரை இரண்டாவது பெண்ணோடு என்று படிப்பவர்களும் உண்டு. எனக்கு முதல் வாசிப்பே வலுவாகப் படுகிறது. ஆணின் விபசாரத்தால் அடிபடுபவள் அவன் மனைவி என்ற சொல் பழைய சட்டத்தின் எந்த விதியிலும் இல்லை. 1 கொரிந்தியர் 7-இல் பவுல் கணவனின் உடல்மேல் மனைவிக்கு அதிகாரம் உண்டு என்று எழுதியது இதன் தொடர்ச்சி.

ஆனால் இந்த விதை விழுந்த ரோம நிலம் வேறு மாதிரியானது. அகுஸ்து பேரரசர் கி.மு. 18-ஐ ஒட்டிக் கொண்டுவந்த யூலியச் சட்டம் விபசாரத்தை அரசுக் குற்றமாக்கியது. துரோகம் செய்த மனைவியை விலக்கி வழக்குத் தொடராத கணவனே குற்றவாளி ஆகக்கூடும். கணவனின் துரோகத்துக்காக மனைவி வழக்குத் தொடர வழியில்லை.

நான்காம் நூற்றாண்டில் கப்பதோக்கியாவின் இரு நண்பர்கள் இந்த முரணில் முட்டிக்கொண்டார்கள். 374-ஐ ஒட்டிப் பசிலியார் இக்கோனியத்தின் ஆயருக்கு எழுதிய ஒழுங்கு மடல்களில், ஆண்டவரின் வார்த்தை ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒன்றுதான், ஆனால் வழக்கம் அப்படி இல்லை என்று ஒப்புக்கொள்கிறார். மணமான ஆண் மணமாகாத பெண்ணோடு தவறினால் அதை விபசாரமாக எண்ணுவதில்லை. இதற்குக் காரணம் சொல்வது கடினம், ஆயினும் வழக்கம் இதுவே என்று எழுதுகிறார். எழுதிய கை கூசியிருப்பது தெரிகிறது. 380-இல் கான்ஸ்தாந்திநோபிளில் பேசிய நாசியான்சஸ் கிரகோரியார் அந்தக் கூச்சத்தையும் விட்டுவிட்டார். சட்டம் எழுதியவர்கள் ஆண்கள், அதனால்தான் சட்டம் பெண்களுக்கு எதிராக இருக்கிறது, இதை நான் ஏற்கவில்லை என்று வெளிப்படையாகச் சொன்னார். 399-ஐ ஒட்டி ஃபபியோலா என்ற ரோமப் பெருமாட்டியைப் பற்றி எழுதிய ஜெரோமும், பேரரசரின் சட்டம் வேறு, கிறிஸ்துவின் சட்டம் வேறு, பெண்ணுக்குக் கூடாதது ஆணுக்கும் கூடாது என்றார்.

யோவான் நற்செய்தியில் இன்று 8ஆம் அதிகாரத் தொடக்கத்தில் நாம் படிக்கும் விபசாரத்தில் பிடிபட்ட பெண்ணின் கதைக்கு நேர்ந்ததையும் இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். மிகப் பழைய பாப்பிரஸ்களிலும், சினாய், வத்திக்கான் கையேடுகளிலும் அது இல்லை. பேசா கையேட்டில் இருக்கிறது. அந்தப் பெண்ணை இயேசு மன்னித்ததைப் படித்துத் தங்கள் மனைவிமாருக்குத் துணிச்சல் வந்துவிடும் என்று அஞ்சிய விசுவாசக் குறைவுள்ள சிலர் அதைத் தங்கள் ஏடுகளிலிருந்து நீக்கிவிட்டார்கள் என்று அகுஸ்தீனார் எழுதினார். அந்தப் பகுதி பிற்காலச் சேர்க்கை என்றே இன்றைய பாட ஆய்வாளர்களில் பெரும்பாலோர் கருதுகிறார்கள். இருந்தும் அவர் சொன்ன அச்சம் அவர் காலத்துக் கணவர்களிடம் இருந்ததற்கு அது சாட்சி.

அகுஸ்தீனாரிடமே இரு கட்டளைகளும் இன்னொரு முறை நேருக்கு நேர் சந்தித்தன. 410-இல் ரோம் சூறையாடப்பட்டபோது கிறிஸ்தவப் பெண்கள் பலர் பலாத்காரத்துக்கு ஆளானார்கள். பழைய ரோமின் லுக்ரேசியா அப்படி நேர்ந்தவுடன் தன்னைக் குத்திக்கொண்டாளே, இவர்கள் ஏன் உயிரோடு இருக்கிறார்கள் என்று ஏளனம் எழுந்தது. 'கடவுளின் நகர'த்தின் முதல் நூலில் அவர் பதில் சொன்னார். லுக்ரேசியா தவறவில்லை என்றால் அவள் கொன்றது ஒரு குற்றமற்றவளை. மனம் இசையாத உடலில் விபசாரம் இல்லை. கொலைக் கட்டளை தன்னைத்தானே கொல்வதையும் உள்ளடக்கும். இதன்மூலம் அவமானத்தால் சாகத் தேவையில்லை என்ற உரிமை அந்தப் பெண்களுக்குக் கிடைத்தது. அதே அத்தியாயங்களில் அவர் செடிகொடிக்கும் விலங்குக்கும் கட்டளை பொருந்தாது என்றார். கடவுளின் ஆணையாலும் சட்டத்தாலும் கொல்பவருக்கு விலக்கும் கொடுத்தார். அந்த விலக்கு பிற்காலத்தில் மிகப் பெரிய வாசலாகத் திறந்தது.

போர்க்களத்தின் கணக்கு

போரில் கொல்வதை நம் முன்னோர் கொலையாக எண்ணவில்லை, ஆனாலும் கை தூய்மையாக இல்லாததால் மூன்று ஆண்டு நற்கருணையிலிருந்து விலகியிருப்பது நல்லது என்று பசிலியார் எழுதியிருந்தார். வேண்டுமென்றே கொன்றவருக்கு அவர் விதித்தது 20 ஆண்டு, விபசாரிக்கு 15. அந்த மூன்று ஆண்டு யோசனை வழக்கத்தில் பெரிதாக ஊன்றவில்லை. ஆனால் அதன் நிழல் 1066 ஹேஸ்டிங்ஸ் போருக்குப் பின் தெரிகிறது. திருத்தந்தையின் தூதரான சியோன் ஆயர் எர்மன்ஃபிரிட் வழி வந்த ஒழுங்கின்படி, வென்ற நார்மன் படையினர் தாங்கள் கொன்ற ஒவ்வோர் ஆளுக்கும் ஓராண்டு பரிகாரத் தவம் செய்ய வேண்டும். அடிபட்டவன் செத்தானா என்று தெரியாவிட்டால் ஆளுக்கு நாற்பது நாள். தங்கள் அம்பு யாரைத் தைத்தது என்றே அறியாத வில்லாளிகளுக்கு மூன்று தவக்காலங்கள். திருத்தந்தையின் ஆசியோடு நடந்த போருக்கே இந்தக் கணக்கு. ஏறத்தாழ முப்பது ஆண்டு கழித்து, 1095-இல் கிளெர்மோன் சங்கம், எருசலேமுக்குப் படையோடு போவதையே பரிகாரமாக அறிவித்தது. கொன்றதற்குத் தவம் என்றிருந்தது, கொல்லப் போவதே தவம் என்றானது.

அடுத்த ஆண்டு அந்தப் படைகளில் சில மைன்ஸ், வோர்ம்ஸ் நகரங்களின் யூதர்களைக் கொன்று குவித்தன. அதற்கடுத்த தலைமுறையில் வட பிரான்சில் வாழ்ந்த ரஷ்பம், வேத உரையாசிரியர் ராஷியின் பேரர், தன் யாத்திராகம உரையில் கிறிஸ்தவர்களோடு தான் நடத்திய ஒரு விவாதத்தைக் குறித்து வைத்திருக்கிறார். 'ராட்சஹ்' என்பது நியாயமற்ற கொலை, மற்ற வினைகள் நியாயமானவையாகவும் இருக்கலாம்; லத்தீன் வேதமோ இரண்டுக்கும் ஒரே சொல்லைப் போட்டுவிட்டது, உபாகமம் 32-இல் கடவுள் தாமே உயிரெடுப்பதாகச் சொல்லும் இடத்திலும் அதே சொல் என்று சுட்டிக்காட்டினார். அவர்கள் அதை ஒப்புக்கொண்டார்களாம். பல ஆங்கில மொழிபெயர்ப்புகள் இருபதாம் நூற்றாண்டில் செய்த திருத்தத்தை ஒரு யூத உரையாசிரியர் எட்டு நூற்றாண்டுக்கு முன்பே லத்தீன் ஏட்டைப் பார்த்துச் செய்திருக்கிறார்.

அதே மைன்ஸ் நகரின் ரபி கெர்ஷோம் பெயரால் 11ஆம் நூற்றாண்டு முதல் வழங்கும் தடைகள் இரண்டு: ஒருவன் இரண்டாம் மனைவி கொள்ளக்கூடாது, மனைவியின் சம்மதமின்றி அவளை விலக்கக்கூடாது. விபசாரத்தின் வரையறையை அவை தொடவில்லை. ஆனால் அந்த வரையறை நின்றுகொண்டிருந்த தரையை அகற்றிவிட்டன.

சட்டப் புத்தகத்துக்குத் திரும்பிய கட்டளை

சீர்திருத்த இயக்கம் வேதத்தைக் கையில் கொடுத்தபோது லேவியராகமத்தையும் சேர்த்தே கொடுத்தது. 1529 சிறிய ஞானோபதேசத்தில் லுத்தர் கொலைக் கட்டளையை அண்டை வீட்டாரின் உடல் துன்பத்தில் உதவும் கடமையாக விரித்தார். கிடாரிச் சடங்கின் மூப்பர்களுக்குப் பக்கத்தில் உட்காரத் தகுந்த விளக்கம் அது. ஆனால் மாசசூசெட்ஸ் குடியேற்றத்தின் 1641 சட்டத் தொகுப்பு விபசாரத்தை மரணக் குற்றமாக்கியது. 1644-இல் மேரி லேதம் என்ற பதினெட்டு வயதுப் பெண்ணும் ஜேம்ஸ் பிரிட்டன் என்பவரும் தூக்கிலிடப்பட்டார்கள். ரபிகள் பதினான்கு நூற்றாண்டாக எட்டாத உயரத்தில் வைத்திருந்த வாளை இவர்கள் ஒரே தலைமுறையில் இறக்கிவிட்டார்கள். இங்கிலாந்து 1650-இல் இதே வழியில் சட்டம் செய்தது. 1660-இல் அரசாட்சி திரும்பியதும் அது காலாவதியானது.

கப்பதோக்கியாவில் எழுந்த கேள்வியோ இன்னும் காத்திருந்தது. இங்கிலாந்தின் 1857 மணவிலக்குச் சட்டம், மனைவியின் விபசாரம் ஒன்றே கணவனுக்குப் போதும் என்றது. மனைவிக்கோ கணவனின் விபசாரத்தோடு கொடுமையோ கைவிடலோ போன்ற வேறொன்றும் வேண்டும் என்றது. இரண்டையும் சமமாக்கியது 1923-இல். கிரகோரியார் பேசி 1543 ஆண்டு ஆகியிருந்தது.

யூதச் சட்டத்தில் சமனின்மை இன்றும் முழுதாகத் தீரவில்லை. மணமான பெண் பிறனிடம் பெற்ற குழந்தை 'மம்சேர்' எனப்பட்டு, பெரும்பாலான யூதரை மணக்க முடியாத நிலைக்குத் தள்ளப்படும்; மணமான ஆண் மணமாகாத யூதப் பெண்ணிடம் பெற்ற குழந்தைக்கு அந்தத் தடை இல்லை. கணவன் 12 மாதம் ஊரில் இல்லாதிருந்தாலும், கரு அவ்வளவு காலம் தங்கியிருக்கக்கூடும் என்று சொல்லிக் குழந்தையைக் காத்த தல்மூத் ரபியின் மனம் அந்தச் சட்டத்தைவிடப் பெரியது.

கொலைக் கட்டளையில் கடைசியாக எண்ணிக்கையில் சேர்ந்தவர் கொலைகாரரே. இஸ்ரேல் 1954-இல் சாதாரணக் கொலைக்கான மரண தண்டனையை நீக்கியது. 1962-இல் நாசி அதிகாரி ஐக்மன் தூக்கிலிடப்பட்டது நாசிகளையும் அவர்களுக்கு உடந்தையாக இருந்தவர்களையும் தண்டிக்கும் தனிச் சட்டத்தின்படி. 2018 ஆகஸ்டில் திருத்தந்தை பிரான்சிஸ் கத்தோலிக்க மறைக்கல்வியின் 2267ஆம் எண்ணைத் திருத்தி, மரண தண்டனை ஏற்கத்தக்கதல்ல என்று எழுதச் செய்தார். தார்ஃபோனும் அகீவாவும் கேட்டிருந்தால் தலையசைத்திருப்பார்கள். சிமியோன் பென் கமாலியேலின் எதிர்ப்பும் அப்படியே மேசைமேல் இருக்கிறது.

தாவீதின் கதையை இப்போது படிப்பவர்கள் விபசாரம் என்ற சொல்லே அங்கே பொருந்துமா என்று கேட்கிறார்கள். அரசன் ஆளனுப்பி அழைப்பித்தான் என்றுதான் பாடம் சொல்கிறது. அவள் இசைந்தாள் என்று ஒரு சொல் இல்லை. நாத்தானும் அவளைக் குற்றம் சொல்லவில்லை. அவர் உவமையில் ஆட்டுக்குட்டி எதுவும் செய்யவில்லை, பிடிக்கப்பட்டது. மத்தேயு தன் நற்செய்தியின் தொடக்கத்தில் தலைமுறைப் பட்டியல் எழுதும்போது சாலொமோனின் தாயைப் பெயர் சொல்லாமல் உரியாவின் மனைவியாக இருந்தவள் என்று எழுதுகிறார். அரச வம்சத்தின் நடுவில் கொல்லப்பட்டவனின் பெயர் நிற்கிறது, அவள் பெயர் இல்லை. அந்த 11ஆம் அதிகாரம் முழுவதிலும் பத்சேபாள் பேசுவது ஒரே ஒரு முறை. அதுவும் ஆள் வழியாகச் சொல்லி அனுப்பிய செய்தி, எபிரேயத்தில் இரண்டே சொற்கள்: தான் கருவுற்றிருப்பதாக.